இடமாற்றக் கடிதமும் ஒரு மாத அவகாசமும்

அரச உத்தியோகத்தருக்கு வரும் இடமாற்றக் கடிதம் பெரும்பாலும் சில வரிகளுடனேயே முடிந்துவிடும். 'சேவையின் தேவை கருதி' என்ற சொற்றொடருக்கு அப்பால் அதில் காரணம் எதுவும் இருப்பதில்லை. ஆனால் வெள்ளவத்தையில் வாடகை வீட்டில் இருந்துகொண்டு பிள்ளைகளைப் பாடசாலைக்கு அனுப்பும் குடும்பத்துக்கும், கொட்டாஞ்சேனையில் வயோதிபப் பெற்றோரைப் பராமரிக்கும் உத்தியோகத்தருக்கும் அந்தச் சில வரிகள் வாழ்க்கையையே புரட்டிப் போட்டுவிடும். அத்தகைய உத்தரவை எதிர்த்து எங்கே செல்வது என்பதை நம்மவர்களில் பலர் காலம் கடந்த பின்னரே விசாரிக்கின்றனர்.

அரச சேவையில் இடமாற்றம் தவிர்க்க முடியாதது. எவரும் ஒரே கதிரையில் நிரந்தரமாக அமர்ந்திருக்க உரிமை கோர முடியாது. நாம் கேட்பது ஒன்றே: இடமாற்றம் நிர்வாகத் தேவைக்கானதா, அல்லது பழிவாங்கலா?

அரசை எதிர்த்து அரச ஊழியர் வழக்காடலாமா என்ற கேள்வியே ஒரு காலத்தில் பெரும் சட்டப் பிரச்சினையாக இருந்தது. சிங்களத் தேர்ச்சியின்மையால் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்ட கோடீஸ்வரன் என்ற தமிழ் எழுதுவினைஞர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து 1964இல் வெற்றி பெற்றார். சம்பளம் கோரி முடிக்கு எதிராக வழக்காட முடியாது என உயர் நீதிமன்றம் 1967இல் அத்தீர்ப்பை மாற்றியது. வழக்காட முடியும் என 1969இல் லண்டன் கோமறைக் கழகம் தீர்த்தது. ஆனால் 1972ஆம் ஆண்டு யாப்பு அரச ஊழியர் மீதான அதிகாரத்தை அமைச்சரவையிடம் ஒப்படைத்தது.

2001இல் நிறைவேறிய 17ஆவது திருத்தமே சுயாதீன அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு இடமாற்ற அதிகாரத்தை வழங்கியது. அச்சுயாதீனம் 2010இல் குறைக்கப்பட்டு, 2015இல் மீண்டு, 2020இல் மறுபடியும் குறைந்து, 2022ஆம் ஆண்டின் 21ஆவது திருத்தத்தால் மீளவும் வலுப்பெற்றது.

இன்றுள்ள வழிகள் எவை? அதிகாரம் கையளிக்கப்பட்ட அதிகாரியின் உத்தரவுக்கு எதிராக முதலில் ஆணைக்குழுவிடமும், அதன் தீர்மானத்துக்கு எதிராக நிர்வாக மேன்முறையீட்டு நியாய சபையிடமும் முறையிடலாம். ஆணைக்குழுவின் தீர்மானங்களை நீதிமன்றங்கள் விசாரிப்பதை யாப்பின் 61அ உறுப்புரை தடுக்கின்றது. ஆயினும் அடிப்படை உரிமை வழக்குக்கு அது விலக்களித்துள்ளது. சமத்துவத்தை உறுதிசெய்யும் 12ஆவது உறுப்புரை மீறப்பட்டிருப்பின் 126ஆவது உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள் நாட வேண்டும். அம்மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டிருந்தால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின்படி, விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் கொள்ளப்படாது. எனினும் முறைப்பாட்டுத் துண்டு மட்டும் போதும் என்று எண்ணி இருந்துவிடலாகாது.

கூட்டுத்தாபனங்களும் அரச வங்கிகளும் அரசாங்க சேவை ஆணைக்குழுவின் கீழ் வருவதில்லை. அங்கு நியமனக் கடிதத்தின் நிபந்தனைகளே முதலில் பார்க்கப்படும். மாகாணப் பாடசாலை ஆசிரியர்களின் விடயம் மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுவைச் சார்ந்தது.

2018இல் திருகோணமலை ஸ்ரீ சண்முகா இந்து மகளிர் கல்லூரியில் அபாயா தொடர்பாக எழுந்த சர்ச்சையை அடுத்து முஸ்லிம் ஆசிரியைகள் வேறு பாடசாலைகளுக்கு அனுப்பப்பட்டனர். அவர்களின் உரிமை மீறப்பட்டதாகக் கண்ட மனித உரிமைகள் ஆணைக்குழு, அவர்கள் மீண்டும் அங்கு கடமையாற்ற இடமளிக்குமாறு பரிந்துரைத்தது. 2022 பெப்ரவரியில் ஓர் ஆசிரியை கடமைக்குத் திரும்பியபோது மீண்டும் பதற்றம் மூண்டது. தமிழரும் முஸ்லிம்களும் இதை இனச் சர்ச்சையாக மட்டும் பார்த்தால் நாம் இழப்பது அதிகம். பிணக்கைத் தீர்க்காமல் ஆளை மாற்றிவிடும் பழக்கத்தை இன்று ஒரு சமூகம் மௌனமாக ஏற்றுக்கொண்டால், நாளை அதே பழக்கம் அச்சமூகத்தின் வாசலுக்கும் வரும்.

எனவே, கடிதம் கிடைத்த திகதியைக் குறித்து வைப்பதும், எழுத்தில் காரணம் கேட்பதும், மேன்முறையீட்டின் பிரதியைப் பாதுகாப்பதும் அவசியம். கோபத்தில் கடமைக்குச் செல்லாதிருப்பது பதவியைக் கைவிட்டதாகக் கொள்ளப்படும் ஆபத்து உண்டு. புதுக்கடையின் படிகளில் ஏறுவது எல்லோருக்கும் இயலுமான காரியமன்று. தொழிற்சங்கங்களும் நமது சட்டத்தரணிகளும் அந்த முதல் மாதத்திலேயே கைகொடுத்தால்தான் சட்டத்தில் உள்ள உரிமை சாதாரண ஊழியரின் கைக்கு எட்டும்.