வசனமும் வாசகரும்: அஸ்கர் அலி எஞ்சினியர் குறித்துச் சில குறிப்புகள்

போன சாரலுக்குக் குற்றாலத்தில் நண்பர்கள் கூடிப் பேசிக்கொண்டிருந்தபோது ஒரு தோழர் கேட்டார்: 'மதத்துக்குள்ள நின்னுக்கிட்டுப் பெண் விடுதலை பேச முடியுமாய்யா?' முடியாது என்பதில் அவருக்குச் சந்தேகமில்லை. எனக்கு இருந்தது.

தென்காசியில் எங்கள் தெருவில் கைக்கூலி வாங்காமல் நடந்த நிக்காஹ்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். குர்ஆனோ (4:4) பெண்ணுக்கு ஆண் மஹர் கொடுக்கச் சொல்கிறது. நடைமுறைக்கும் பிரதிக்குமான இந்த இடைவெளியில் நின்று எழுதியவர் அஸ்கர் அலி எஞ்சினியர் (1939–2013). ராஜஸ்தானின் சலும்பரில் தாவூதி போரா சமயகுரு ஒருவரின் மகனாகப் பிறந்தவர். அரபும் குர்ஆன் விரிவுரையும் தந்தையிடம் கற்றவர். பொறியியல் படித்து பம்பாய் மாநகராட்சியில் சுமார் 20 ஆண்டுகள் வேலை பார்த்தார். போரா தலைமைபீடத்தை எதிர்த்ததற்குச் சமூகவிலக்கும் அடியுதையும் கிடைத்தன.

1978இல் தலாக் சொல்லப்பட்ட இந்தூர் ஷா பானுவுக்கு, மாதம் 179 ரூபாய் 20 காசு ஜீவனாம்சத்தை 1985இல் உச்சநீதிமன்றம் உறுதிசெய்தது. உலமாக்கள் கொதித்தார்கள், 1986இல் ராஜீவ் அரசு புதுச் சட்டம் போட்டு வளைந்துகொடுத்தது. எஞ்சினியர் தீர்ப்பின் பக்கம் நின்றார். அதற்கு அவர் காட்டிய ஆதாரமும் குர்ஆன்தான் (2:241).

1992இல் வந்த, இஸ்லாமில் பெண்களின் உரிமைகள் பற்றிய அவரது நூலின் வாசிப்புமுறை எளிமையானது. வசனங்களில் என்றைக்குமான நெறிகள் உண்டு. அன்றைய அரபுச் சமூகநிலையைச் சொல்பவையும் உண்டு. ஆண்கள் பெண்களுக்குக் 'கவ்வாமூன்' என்கிறது 4:34. இதை 'ஆள்பவர்' என்றே நம்மவர்கள் ஓதிவந்தார்கள். ஆனால் வசனமே காரணமும் சொல்கிறது: தங்கள் பொருளிலிருந்து செலவழிப்பதால். அப்படியானால் இது அன்றிருந்த நிலையின் விவரிப்பு, கட்டளையல்ல என்கிறார் எஞ்சினியர். நிலை மாறினால் மேலாண்மையும் போகும்.

சிக்கலும் இங்கேதான். எது நெறி, எது சூழல் என்று பிரிப்பது யார்? மொராக்கோவின் பாத்திமா மெர்னிஸ்ஸி (1940–2015) வேறு வழியில் போனார். பெண்ணிடம் ஆட்சியைக் கொடுத்த கூட்டம் உருப்படாது என்ற ஹதீஸை எடுத்துக்கொண்டு, அறிவித்தவர் யார், எந்த அரசியல் தருணத்தில் அது அவர் நினைவுக்கு வந்தது என்று 1987இல் துருவினார். எஞ்சினியர் வசனத்தை விசாரித்தார். மெர்னிஸ்ஸி அதைச் சொன்ன வாயை விசாரித்தார். நமக்கு இரண்டும் வேண்டும். புதுக்கோட்டையில் ஷரீஃபா கானம் பெண்களுக்கென்றே ஜமாஅத் கூட்டியது மூன்றாவது கேள்வியை எழுப்பியது: தீர்ப்புச் சொல்லும் இடத்தில் உட்கார்ந்திருப்பது யார்?

என்னை எம்.ஏ. படிக்கவைத்தது உம்மா சுற்றிய பீடி. 4:34க்கான எஞ்சினியரின் விளக்கத்தை அவளிடம் சொன்னேன். தட்டிலிருந்து தலை நிமிராமலே கேட்டாள்: 'அப்பம் இந்த வீட்டுக்குக் கவ்வாமு நாந்தானல? பெறகு ஏன் பள்ளிவாசல் கூட்டத்துக்கு உங்க வாப்பாவ மட்டும் கூப்பிடுதாவ?'

குற்றாலத் தோழருக்கு நான் சொல்ல நினைத்த பதில் இதுதான்.