விண்கற்கள் அகழ்ந்த பள்ளங்கள்

புறநானூற்றின் 229ஆம் பாடல் ஒரு மீன் வீழ்ச்சியைப் பாடுகிறது. பங்குனித் திங்களின் நள்ளிரவில் வானிலிருந்து ஒரு மீன் தீப்பரக்க எரிந்து வீழ்கின்றது. அதனைக் கண்ட கூடலூர் கிழாரும் பிற இரவலரும் தம் மன்னனுக்கு யாது நேருமோ என அஞ்சுகின்றனர். ஏழாம் நாள், சேரமான் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை உயிர் துறக்கின்றான். வீழ்ச்சியைத் தீநிமித்தமாகக் கொண்ட புலவர்க்கு, அம்மீன் எங்கே விழுந்தது, விழுந்த இடம் என்னவாயிற்று என்னும் வினாக்கள் எழவில்லை. எழ வேண்டிய தேவையும் அவர்க்கில்லை. அவ்வினாக்களை இக்கட்டுரையில் நாம் எடுத்துக்கொள்கிறோம்.

முதலில் பெயர் பற்றி ஒரு சொல். நிலவின் பரப்பில் காணும் குழிகளைக் கிண்ணக்குழிகள் என்று அறிவியல் நூல்கள் குறிக்கின்றன. எரிமலை வாயையும் அதே சொல்லால் வழங்குவதால் மயக்கம் நேர்கின்றது. எனவே விண்கல் மோதி உண்டானவற்றை ஈண்டு ‘வீழ்பள்ளம்’ என்றே வழங்குவோம். இம்மயக்கம் தமிழில் மட்டும் உள்ளதன்று. எரிமலை வாயா, வீழ்பள்ளமா எனப் பிரித்தறிய அறிவியல் உலகே நூறாண்டுக்கு மேல் இடர்ப்பட்டது.

சேற்றில் கல்லை எறிந்தால் குழி விழுகிறது. வீழ்பள்ளமும் அவ்வாறே உண்டாவது என்று கருதுதல் இயல்பு. ஆயினும் அது பிழை. விண்ணிலிருந்து வரும் பெரும்பாறை நொடிக்கு 11 கிலோமீட்டருக்குக் குறையாத வேகத்தில் புவியைத் தாக்குகின்றது. 20 கிலோமீட்டர் என்பதும் வழக்கமான வேகமே. துப்பாக்கிக் குண்டின் வேகமோ நொடிக்கு ஒரு கிலோமீட்டர் அளவினது. நொடிக்கு 20 கிலோமீட்டர் வேகத்தில் வரும் ஒரு கிலோ கல்லிடம், நாற்பது கிலோவுக்கு மேற்பட்ட டி.என்.டி. வெடிமருந்தின் ஆற்றல் பொதிந்துள்ளது. அக்கல் வெடிமருந்து அன்று; வெறுங்கல்தான். வேகமே அதனை வெடிபொருள் ஆக்குகின்றது.

மோதிய கணத்தில் கல்லிலும் தரைப்பாறையிலும் அதிர்ச்சி அலை பாய்கின்றது. பாறை நசுங்கி, பின் அவ்வழுத்தம் நீங்கும்போது கல்லின் பெரும்பகுதி உருகி ஆவியாகிவிடுகின்றது. அலை பரவிய இடமெல்லாம் பாறைத்துகள்கள் மேலும் புறமுமாக வீசியெறியப்படுகின்றன. கல்லின் விட்டத்தைப் போல் ஏறத்தாழ 10 முதல் 20 மடங்கு அகலமுள்ள கிண்ணம் சில நொடிகளில் அகழப்படுகின்றது. விளிம்பில் பாறையடுக்குகள் மேல்நோக்கி வளைந்து, சிலவிடங்களில் புத்தகத்தின் ஏட்டைப் புரட்டினாற்போலக் கவிழ்ந்து கிடக்கும். பின்னர்ச் சுவர்கள் சரிந்து அடித்தளத்தை ஓரளவு மூடும். பள்ளம் மிகப் பெரிதாயின் நசுங்கிய தரை மீண்டெழுந்து நடுவே ஒரு குன்றாகும். நீர்த்துளி விழுந்தவுடன் நடுவில் எழும் சிறு தூணை இதற்கு ஒப்பிடலாம். கல் சாய்வாக வரினும் பள்ளம் பெரும்பாலும் வட்டமாகவே அமையும். அகழ்வது கல்லன்று, வெடிப்பு என்பதே அதன் காரணம்.

இதனை அறியாமையால் நேர்ந்த விந்தை ஒன்றுண்டு. அமெரிக்காவின் அரிசோனாப் பாலையில் 1.2 கிலோமீட்டர் அகலமுள்ள பள்ளம் இருக்கின்றது. கில்பர்ட் என்னும் புகழ்பெற்ற நிலவியலார் அதனை ஆராய்ந்தார். விண்கல் விழுந்திருப்பின் மாபெரும் இரும்புக் கட்டி அடியில் புதைந்திருத்தல் வேண்டும் எனக் கருதினார். அது கிடைக்கவில்லை. எனவே நிலத்தடி நீராவி வெடித்ததால் ஆகிய பள்ளம் என்று 1896இல் முடிவு கூறினார். நிலவின் குழிகள் மோதலால் ஆயவை என்று வாதிட்டவரும் அவரே! பின்வந்த பாரிஞ்சர் என்பார் அவ்விரும்பைத் தேடி இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் துளையிட்டுப் பொருள் இழந்தார். இரும்பு ஆவியாகிப் போயிருந்தது. 1960இல்தான் ஷூமேக்கரும் சாவோவும் அங்குக் கோயசைட் என்னும் கனிமத்தைக் கண்டனர். படிகக்கல்லின் அடர்ந்த வடிவமான அது, வளிமண்டல அழுத்தத்தைப் போல் 20,000 மடங்குக்கு மேற்பட்ட அழுத்தத்தில் மட்டுமே உருவாவது. எரிமலை வாயில் அவ்வழுத்தம் தோன்றுவதில்லை.

இனி நம் நாட்டுப் பள்ளத்துக்கு வருவோம். மகாராட்டிர மாநிலம் புல்டாணா மாவட்டத்தில் லோணார் ஏரி உள்ளது. பள்ளத்தின் விட்டம் ஏறத்தாழ 1.8 கிலோமீட்டர், விளிம்பு சுற்றியுள்ள சமவெளியை விட 20 மீட்டர் அளவு உயர்ந்து நிற்கின்றது. நீர் கடுங்காரத் தன்மையுடையது. அக்பரின் அவையில் இருந்த அபுல் ஃபஸல் தம் ‘ஆயினே அக்பரி’யில் இவ்விடத்தைக் குறித்துள்ளார். கண்ணாடியும் சவர்க்காரமும் செய்தற்குரிய பொருள்கள் இங்குக் கிடைத்தமையும் அதனால் அரசுக்கு வருவாய் வந்தமையும் அக்குறிப்பால் தெரிகின்றன. நானூறு ஆண்டுகட்கு முன் ஓர் ஆட்சிப் பதிவேடு ஏரியின் உவர்நீரைப் பொருட்படுத்தி எழுதியமை போற்றத்தக்கது. அவ்வூர் மக்களோ இலவணாசுரன் என்னும் அரக்கனைத் திருமால் வென்ற இடம் என்று கதை சொல்வர்.

1823இல் அலெக்சாண்டர் என்னும் ஆங்கிலேய அதிகாரி இதன் தனித்தன்மையைக் கவனித்தார். பின்னர் ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டுக் காலம் எரிமலை வாய் என்ற கருத்தே மேலோங்கி நின்றது. அதற்குக் காரணமும் இருந்தது. லோணார் அமைந்த தக்காணப் பீடபூமி முழுவதும் எரிமலைக் குழம்பு உறைந்த கருங்கல்லே. எரிமலைப் பாறையில் வட்டப் பள்ளம் என்றால் எரிமலை வாய் என்னாமல் வேறென்ன என்பர்? ஆயினும் தக்காணக் குழம்பு வழிந்தது 6.6 கோடி ஆண்டுகட்கு முன்; பள்ளமோ விளிம்பு தேயாமல் இளமையோடு இருக்கின்றது. இம்முரணே ஐயத்துக்கு வித்திட்டது. ஏரியின் அடியில் துளையிட்டு எடுத்த பாறைகளில் மாஸ்கெலினைட் காணப்பட்டது. ஃபெல்ட்ஸ்பார் என்னும் கனிமம், உருகாமலே, அதிர்ச்சியால் மட்டும் கண்ணாடித் தன்மை அடைந்த நிலை அது. ஃப்ரெட்ரிக்சன், துபே, மில்ட்டன், பாலசுந்தரம் ஆகிய நால்வர் 1973இல் இதனை வெளியிட்டனர். லோணார் வீழ்பள்ளம் என்பது நிலைபெற்றது.

கருங்கற் பரப்பில் நன்கு பேணப்பட்ட இத்தகைய பள்ளம் புவியில் மிக அரிது. நிலவிலும் செவ்வாயிலும் கருங்கற் பரப்பு மிகுதியாதலின், அங்குள்ள பள்ளங்களைப் பயில விரும்புவோர் லோணாரை நாடுகின்றனர். இதன் அகவை பற்றிக் கருத்து மாறியுள்ளது. சற்றேறக்குறைய 50,000 ஆண்டு என்று முன்பு கணித்தனர். 2011இல் வெளியான ஆர்கான் ஆய்வு 5,70,000 ஆண்டு என்றது. 2020 ஜூனில் ஏரிநீர் இளஞ்சிவப்பாக மாறியபோது பலவாறு பேசினர். உவரை விரும்பும் நுண்ணுயிர்களின் நிறமே அது எனப் புனே அகர்கர் ஆய்வு நிறுவனத்தார் கண்டறிந்தனர்.

இந்தியாவில் லோணாரோடு மத்தியப் பிரதேசத்தின் தாலா, இராசத்தானத்தின் ராம்கர் ஆகியனவும் வீழ்பள்ளங்களாக ஏற்கப்பட்டுள்ளன. தமிழகத்திலும் புதுவையிலும் உறுதி செய்யப்பட்டது ஏதுமில்லை. உலகெங்கும் சேர்த்தே சுமார் 200தான். நிலவில் இலட்சக்கணக்கில் இருக்கப் புவியில் இத்துணைக் குறைவு ஏன்? காலாப்பட்டை அடுத்த பொம்மையார்பாளையத்துச் செம்மண் ஓடைகளைக் கண்டோர்க்கு விடை எளிது. அங்கு ஒவ்வோர் ஐப்பசி, கார்த்திகை மழையும் நிலத்தை அரித்துப் புதுப் பள்ளம் தோண்டுகின்றது. பழைய பள்ளத்தைத் தூர்க்கின்றது. மழையும் காற்றும் இல்லாத நிலவு தன் வடுக்களை அப்படியே வைத்துள்ளது.

அவ்வடுக்கள் சிலவற்றுக்கு இப்னுல் ஹைதம், அல்பிரூனி, இப்னு சீனா, உலுக் பெக் முதலிய அறிஞர்தம் பெயர்கள் சூட்டப்பட்டுள்ளமை நம் மாணவர் அறியவேண்டிய செய்தி. 2023 ஆகஸ்டு 23இல் சந்திரயான்-3 தென்துருவப் பகுதியில் இறங்கியது. அத்திட்டத்தின் இயக்குநர் வீரமுத்துவேல் நம் அண்டையிலுள்ள விழுப்புரத்தைச் சேர்ந்தவர். இறங்கிய நான்காம் நாள் ஊர்தியின் முன்னே 4 மீட்டர் அகலப் பள்ளம் ஒன்று எதிர்ப்பட, அதனை வேறு வழியில் திருப்பினர். ஊர்தி எடுத்த படங்களையும் பிறவற்றையும் ஆராய்ந்த அகமதாபாத் இயற்பியல் ஆய்வகத்தார், ஊர்தி உலவிய நிலமே 160 கிலோமீட்டர் அகலமுள்ள, புதையுண்ட பழம்பள்ளத்தின் உட்பகுதி என்று 2024இல் தெரிவித்தனர்.

பள்ளத்தைக் கண்டவுடன் விண்கல் என்று முடிவு செய்வதும் இடர் தரும். 2016 பிப்ரவரி 6ஆம் நாள், அன்றைய வேலூர் மாவட்டத்து நாட்றம்பள்ளி அருகே ஒரு தனியார் பொறியியற் கல்லூரி வளாகத்தில் வெடிப்பு நிகழ்ந்து பேருந்து ஓட்டுநர் ஒருவர் உயிரிழந்தார். தரையில் சில அடி ஆழமுள்ள குழி காணப்பட்டது. விண்கல் விழுந்ததே காரணம் என்று மாநில அரசு அறிவித்து, குடும்பத்துக்கு இழப்பீடும் வழங்க முன்வந்தது. படங்களைக் கண்ட நாசா அறிவியலாரோ, தரையிலேயே நிகழ்ந்த வெடிப்புக்கே அவை பொருந்துகின்றன என்றனர். சிறுகற்கள் காற்றின் தடையால் விண்வேகத்தை முற்றும் இழந்து, மேலிருந்து போட்ட கல்லைப் போலவே வீழ்வன, வெடிப்பதில்லை. 2013இல் உருசிய நாட்டுச் செல்யாபின்ஸ்க் நகரின் மேல் வந்த ஏறத்தாழ 20 மீட்டர் அகலப் பாறைகூட வானிலேயே சிதறிற்று. அதன் பெருந்துண்டு ஓர் ஏரியின் பனிப்பாளத்தில் சில மீட்டர் அகலத் துளையிட்டதோடு சரி. ஒருவர் இறந்த இடத்தில் காரணத்தை விண்மேல் ஏற்றினால் மண்மேல் தேடவேண்டிய காரணம் தேடப்படாமற் போகும். கூடலூர் கிழார் காலத்தில் நிமித்தம் கூறினர். நாம் கல்லைக் கையில் எடுத்துச் சோதிக்க வல்லோம்.

இறுதியாக, பள்ளமே இல்லாத ஓரிடம். காலாப்பட்டுக்கு மேற்கே சில கல் தொலைவில் சேதராப்பட்டு, கரசூர், வழுதாவூர் முதலிய ஊர்கள் உள்ளன. இங்குள்ள கடற்படிவுப் பாறைகளில் கே, கன்லிஃப் என்னும் ஆங்கிலேயர் தொல்லுயிர் எச்சங்களைத் திரட்டினர்; எட்வர்டு ஃபோர்ப்ஸ் அவற்றை 1846இல் விளக்கி எழுதினார். பிரெஞ்சு ஆட்சிப் பகுதியின் கற்களை ஆங்கிலேயர் பொறுக்கிச் சென்று இலண்டனில் பதிப்பித்தது ஒரு வேடிக்கையே. அவற்றுள் ஆட்டுக்கடாவின் கொம்பு போல் சுருண்ட அம்மோனைட் ஓடுகள் பல.

6.6 கோடி ஆண்டுகட்கு முன் ஏறத்தாழ 10 கிலோமீட்டர் அகலமுள்ள பாறை மெக்சிகோவின் யுகடான் தீவக்குறையில் வீழ்ந்து, சுமார் 180 கிலோமீட்டர் பள்ளத்தை அகழ்ந்தது. சிக்சுலுப் எனப்படும் அது சுண்ணாம்புப் படிவுக்கு அடியில் மறைந்து கிடக்கின்றது. உலகெங்கும் அக்காலப் படிவில் இரிடியம் என்னும் உலோகம் மிகுந்திருப்பதைக் கொண்டு, பள்ளத்தைக் காணுமுன்பே, 1980இல் அல்வாரெஸ் குழுவினர் மோதலை உய்த்துணர்ந்தனர். எழுந்த தூசும் புகையும் ஞாயிற்றை மறைக்க, பெரும் ஊர்வனவும் கடலில் அம்மோனைட்டுகளும் அழிந்தன. அதே காலத்துத் தக்காண எரிமலைகளின் பங்கு எவ்வளவு என்பதில் அறிஞரிடையே இன்னும் வழக்குண்டு.

அப்பேரழிவுக்கு முற்பட்ட அடுக்குகளும் பிற்பட்ட அடுக்குகளும் புதுவை வட்டாரத்திலேயே உள்ளன என்பதே நாம் சொல்லவந்தது. தென்னிந்தியாவில் இவ்வாய்ப்பு இங்கும் அரியலூர்ப் பகுதியிலும் அமைந்துள்ளது. காலாப்பட்டில் இயங்கும் புதுவைப் பல்கலைக்கழகத்தில் புவி அறிவியல் துறையும் இருக்கின்றது. கேட்போர்க்கு வழிகாட்ட ஆள் உண்டு. ஆனால் அவ்வூர்களில் தொழிற்கூடங்களும் மனைப்பிரிவுகளும் பெருகிவருகின்றன. கிணறு வெட்டும்போதும் அடித்தளம் தோண்டும்போதும் வெளிவரும் கல், லாரியில் ஏறிச் சாலைக்கு அடியில் போகின்றது. போகுமுன் ஒரு கணம் நின்று பார்ப்பவர்க்கு வேறுபாடு கண்ணுக்கே தெரியும். வழுதாவூர் அடுக்கில் சுருள் ஓடுகள் உண்டு. அதற்கு மேற்பட்ட கரசூர்ச் சுண்ணாம்புக் கல்லில் பிற கடலுயிர்களின் ஓடுகள் உண்டு; அம்மோனைட் ஒன்றும் இல்லை.