வீட்டுப் பேச்சும் தொலைக்காட்சிப் பெட்டியும்



1982இல் ரூபவாஹினி தொடங்கிய காலத்தில் வெலிமடையில் அன்டெனாவைத் திருப்பித் திருப்பிப் படம் தேடியது உங்கள் உம்மாவுக்கு நினைவிருக்கும். இன்றோ, ரொட்டி மாவு பிசைந்த கையோடு நின்று வாயால் சொன்னாலே தொலைக்காட்சி கேட்கிறது. முழங்கால் நோவுள்ள உம்மும்மாவுக்கும் இது பேருதவிதான்.

ஆனால், சொன்ன வார்த்தை பெட்டிக்குள்ளேயே நின்றுவிடுவதில்லை. பெரும்பாலும் அது இணையம் வழியாக நிறுவனத்தின் கணினிக்குப் போய், அங்கே எழுத்தாக மாறி, கட்டளையாகத் திரும்புகிறது. தொலைக்காட்சியின் முன் சொந்த விடயங்களைப் பேசினால் அதுவும் வேறொரு நிறுவனத்துக்குச் செல்லலாம் என்று சாம்சங்கின் நிபந்தனைகளில் இருந்த வாசகம் 2015இல் உலகெங்கும் பேசப்பட்டது. அலெக்சாவில் பதிவான சிறுவர்களின் குரலை அழிக்காமல் வைத்திருந்ததாக எழுந்த வழக்கில், 2023இல் அமெரிக்காவில் அமேசான் இரண்டரைக் கோடி டொலர் செலுத்த இணங்கியது.

ஆகவே, பொத்தானை அழுத்தும்போது மட்டும் கேட்கும் ரிமோட்டே நல்லது. பெயர் சொன்னதும் விழிக்கும் வகையென்றால், பாவிக்காத வேளையில் மைக்கை அணைத்துவிடுங்கள். பழைய குரற்பதிவுகளை அவ்வப்போது அழியுங்கள். பிள்ளைகள் பணம் கட்டிப் படம் வாங்காதிருக்க இரகசிய இலக்கம் போடுங்கள்.

வீட்டுக்குள் பேசுவது அமானிதம். விருந்தாளி முன் பேசாததை, விழித்திருக்கும் பெட்டி முன்னும் பேசாதீர்கள்!