'ஹூகெ' என்னும் டேனியச் சொல்லும் தமிழில் 'இருத்தலும்'

ஒரு மொழிக்கே உரியனவாய்ப் பிற மொழிகளிற் பெயர்த்தற்கு அரியன எனக் கூறப்படும் சொற்கள் சில உள. டேனிய மொழியின் 'ஹூகெ' அவற்றுள் ஒன்று. 2016-ஆம் ஆண்டில் இச்சொல் ஆங்கில வழக்கிற் பெரிதும் பரவிற்று. ஆக்சுபோர்டு அகராதியார் அவ்வாண்டின் சொல்லைத் தெரிதற்கென வகுத்த சிறு பட்டியலில் இதுவும் இடம் பெற்றது. அவ்வாண்டின் இறுதியில் டென்மார்க்கு நாட்டில், மக்கள் போற்றும் பத்து விழுமியங்கள் தொகுத்து வெளியிடப்பட்டபோது, உரிமை, நம்பிக்கை, சட்டத்தின்முன் சமன்மை ஆகியவற்றோடு ஹூகெயும் ஒன்றாக எண்ணப்பட்டது.

இதனைத் தமிழிற் பெயர்க்கப் புகுவார்க்கு 'இதம்', 'சுகம்', 'வெதுவெதுப்பு' என்னும் சொற்களே முதற்கண் தோன்றும். அவை அப்பொருளைத் தாங்குமா, தாங்காவெனின் அப்பொருளைத் தமிழ் எவ்விடத்து வைத்துள்ளது என்பதே ஈண்டு ஆராயப்படும் பொருளாகும்.

1. சொல்லும் வழக்கும்

இச்சொல்லின் முதலுயிர் தமிழில் இல்லாதது. நாவை இகரத்திற்குரிய நிலையில் வைத்து இதழை உகரத்திற்குப் போலக் குவித்து ஒலிப்பது அது. ஆதலின் 'ஹூகெ' என நாம் எழுதுவது அண்மை வடிவமே. சொல் நார்வே மொழியிலிருந்து டேனியத்திற்கு வந்தது. 1814-ஆம் ஆண்டு வரை அவ்விரு நாடுகளும் ஒரே முடியின்கீழ் இருந்தமை நினைக்கத்தக்கது. பழைய நார்சு மொழியில் இதன் மூலம் 'நினைத்தல்' எனப் பொருள்படும். அதனோடு இனமான பெயர்ச்சொல் 'மனம்' என்னும் பொருளது. எனவே, இச்சொல்லின் வேர் நெருப்பும் அன்று, மெத்தையும் அன்று. உள்ளமே என்பது தெளிவாம்.

வழக்கில் இது பெயராகவும் வினையாகவும் உரியாகவும் வரும். பிற சொற்களோடு எளிதிற் கூடித் தொகையாகும். சாளரத்தருகே அமர்ந்து படித்தற்குரிய சிறு மூலையை 'ஹூகெ மூலை' என்பர். பிரியும்போது 'இனிதே இருங்கள்' என்னும் கருத்திற் கூறும் வாழ்த்தும் இவ்வினையினின்றே பிறந்தது. குளிர்காலத்து மாலையில் நண்பர் சிலர் ஒரு சிறிய அறையில் மெழுகுதிரி ஏற்றி, எளிய உணவு உண்டு, வேறு கருமம் கருதாது, தம்முள் உயர்வு தாழ்வு தோன்றாமற் பேசியிருக்கும் நிலை இதன் தலையாய எடுத்துக்காட்டாகும். தனியே இருப்பவரும் இந்நிலையை எய்தலாம் என்பர். எனினும் பலர் கூடியிருத்தலே பெருவழக்கு.

இச்சொல்லின் எதிர்மறை நோக்கத்தக்கது. அது 'வசதியற்றது' எனப் பொருள்படாது. 'அச்சந் தருவது, அமானுடமானது' எனப் பொருள்படும். ஆகவே, ஹூகெயின் மறுதலை வறுமையன்று. ஆளற்ற வெறுமையே என்க.

2. வெம்மையும் தண்மையும்

கோபன்கேகன் நகர் வடக்கே ஏறத்தாழ 56 பாகையில் உள்ளது. அங்கே திசம்பர்த் திங்களின் இறுதிப் பகுதியிற் பகற்பொழுது 7 மணி நேரமே. அத்தகைய நாட்டார்க்கு இன்பம் என்பது வெம்மையொடும் விளக்கொளியொடும் பிணைந்து நிற்றல் இயல்பு. 13 பாகையை ஒட்டி வாழும் நமக்கோ இன்பம் தண்மையின் பாலது. கருணையைத் 'தண்ணளி' என்றோம்; அன்பை 'ஈரம்' என்றோம்; மகிழ்ந்தால் உள்ளம் குளிர்கின்றது; காணத்தக்கதைக் கண்குளிரக் காண்கின்றோம். சினமும் துயருமே நமக்கு எரிவன. ஆங்கிலத்தைப் பின்பற்றி 'வெதுவெதுப்பான வரவேற்பு' என எழுதுவார் தமிழின் தட்பவெப்பத்தை மறந்தவராவர்.

தாம்பரத்தை அடுத்த திருநீர்மலை இதற்கு நல்லதொரு சான்று. இவ்வூர் 2021-ஆம் ஆண்டில் அமைந்த தாம்பரம் மாநகராட்சியுள் இன்று அடங்கியுள்ளது. திருமங்கையாழ்வார் இங்கு வந்தபோது மலையைச் சூழ நீர் நின்றமையால், அது வடியும்வரை ஆறு திங்கள் அருகே தங்கியிருந்து பின்னரே மலையேறி வணங்கினார் என்பது தலவரலாறு. ஊர்ப்பெயரும் அதனைச் சார்ந்தது. 'நீர்' என்பதோடு உறவுடைய 'நீர்மை' என்னும் சொல் தமிழில் இயல்பையும் இனிய குணத்தையும் உணர்த்துதலும் ஈண்டு எண்ணத்தக்கது. குணத்தின் இனிமையை நீரால் உணர்த்தும் மொழியில், நெருப்பின் இனிமையாற் பெயர் பெற்ற சொல்லைத் தேடுதல் பயனின்று.

3. வாடையும் தடவும்

அங்ஙனமாயின் குளிர்காலத்து இல்லின்பத்தைத் தமிழர் பாடியதே இல்லையோ எனின், பாடியுள்ளனர். பத்துப்பாட்டுள் ஒன்றாகிய நெடுநல்வாடை, 188 அடிகளில், கூதிர்க்காலத்து நகரொன்றைக் காட்டுகின்றது. தென்றல் வருதற்கென அமைத்த சாளரங்கள் தாழிடப்பட்டுள்ளன. தண்ணீரை விரும்புவார் இல்லை. 'தடவு' எனப்படும் நெருப்புக் கலத்தருகே மக்கள் குளிர் காய்கின்றனர். மாலையில் மகளிர் விளக்கேற்றுகின்றனர். டேனியர் ஒருவர் இப்பகுதியைக் கேட்பின், இது தம் நாட்டு மாலையே என்பர்.

ஆயினும் நக்கீரர் அங்கே நின்றுவிடவில்லை. அரண்மனையுள் உயர்ந்த கட்டிலும் மெத்தென்ற அணையும் பாவை விளக்கும் அமைத்து, அவற்றிடையே கணவனைப் பிரிந்த அரசியை வைக்கின்றார். அவளுக்கு அவற்றுள் ஒன்றும் ஆறுதல் தரவில்லை. மன்னனோ பாசறையில், வாடைக்காற்றிடையே, புண்பட்ட வீரரைப் பார்த்துத் திரிகின்றான். பொருள் அனைத்தும் நிறைந்திருந்தும் உடனிருப்பு இன்மையால் இல்லம் இன்பமற்றுப் போதலை இப்பாட்டு உணர்த்துகின்றது. மெழுகுதிரியும் கம்பளப் போர்வையும் வாங்கினால் ஹூகெ வந்துவிடும் என இன்றைய வணிகர் கூறுவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்னரே எழுந்த மறுப்பு எனலாம்.

4. இடைகழி

உடனிருப்பின் இயல்பை அறிய மீண்டும் திருநீர்மலையை நோக்குவோம். இங்குத் திருமால் நான்கு நிலைகளில் வழிபடப் பெறுகின்றார். அடிவாரத்தில் நீர்வண்ணராய் நின்றும், மலைமீது நரசிங்கராய் இருந்தும், அரங்கநாதராய்க் கிடந்தும், உலகளந்தவராய் நடந்தும் காட்சி தருகின்றார். திருமங்கையாழ்வார் பெரிய திருமொழியில் இத்தலத்தைப் பாடும்போது நறையூர், திருவாலி, குடந்தை, கோவல் என்னும் நான்கு ஊர்களை நிரலே கூறி, அவற்றிற்குரிய நான்கு நிலைகளையும் இம்மலைக்கு ஏற்றியுள்ளார். நிற்றல், இருத்தல், கிடத்தல் என்னும் வினைகள் மனித உடலின் அடிப்படை நிலைகள். அவற்றையே அளவுகோலாகக் கொண்ட வேறொரு வரலாறு, அப்பாட்டிற் கூறப்பட்ட கோவலூரிலேயே நிகழ்ந்ததாகக் குருபரம்பரை நூல்கள் கூறும்.

மழை பெய்யும் இரவு, இருள். பொய்கையாழ்வார் ஒரு வீட்டின் இடைகழியில் ஒதுங்குகின்றார். அவ்விடம் ஒருவர் கிடத்தற்குப் போதுவது. பூதத்தாழ்வார் வருகின்றார், இருவர் இருத்தற்கு அது போதும் என இடந் தருகின்றார். பேயாழ்வார் வருகின்றார், மூவர் நிற்றற்கு அது போதும் என மூவரும் எழுந்து நிற்கின்றனர். பின்னர் நான்காமவர் ஒருவர் நெருக்குவதை உணர்ந்து, முதலிருவர் விளக்கேற்ற, மூன்றாமவர் திருமாலைக் காண்கின்றார். இவ்வரலாறு பத்தியின் உயர்நிலையைக் கூறுவது. அதனை இல்லின்பக் கதையாகக் குறைத்தல் நம் கருத்தன்று. இதன்கண் அமைந்த சொற்களையும் சூழலையும் மட்டுமே நாம் நோக்குகின்றோம்.

சிறிய இடம், புறத்தே மழை, அகத்தே விளக்கு, முன்பின் அறியாதார் ஒருவர்க்கொருவர் இடங்கொடுத்தல் ஆகிய அனைத்தும் இங்கு உள. 'நெருக்கம்' என்னும் தமிழ்ச்சொல் இடக்குறைவையும் உள்ளத்தின் அணுக்கத்தையும் ஒருங்கே குறிப்பது ஏன் என்பதும் இதனால் விளங்கும். டேனியர் சிறு மூலையை நாடுவதன் காரணமும் இதுவே. தெருவுக்கும் உள்வீட்டுக்கும் இடைப்பட்ட வழியாகிய இவ்விடைகழியே பேச்சில் 'ரேழி' எனத் திரிந்து வழங்குகின்றது.

வேறுபாடு ஒன்றும் இங்குக் கூறப்படல் வேண்டும். ஹூகெ தம் வட்டத்தினுள் அணுக்கத்தை வளர்ப்பதுபோலவே வட்டத்திற்குப் புறத்தாரை விலக்கவும் செய்யும் என்று சமூகவியலார் சிலர் எழுதியுள்ளனர். நம் திண்ணையும் இடைகழியும் வழிச்செல்வார்க்கு உரியனவாய் இருந்தன எனப் பெருமை கொள்வோம். எனினும் அவை எல்லாச் சாதியார்க்கும் ஒப்பத் திறந்திருந்தன அல்ல. ஆழ்வார் வரலாற்றில் இடங்கேட்டவரை யார் குலத்தார் என வினவாமையே அதன் சிறப்பு. நம் தெருக்கள் அச்சிறப்பை எய்தியன என்றல் பொருந்தாது.

5. 'இரு' என்னும் வினை

இனிச் சொல்லுக்கு வருவோம். 'இரு' என்பது உளதாதல், அமர்தல், தங்குதல் என்னும் பொருள்களை உடையது. விருந்தினர் எழும்போது, 'சற்று இருந்துவிட்டுப் போகலாமே' என்கின்றோம். அவர் ஏற்கெனவே அங்கு உளர். அமர்ந்தும் தங்கியும் உள்ளார். ஆகவே, அவ்விடத்து 'இரு' என்பது அம்மூன்று பொருளின் மேலும் ஒன்றைக் குறிக்கின்றது. கருமம் முடிந்த பின்னும், காரணமின்றி, உடன் இருத்தலே அப்பொருள். 'வந்தார், இருந்தார், பேசினார்' என்று கூறுமிடத்தும் அப்பொருளே தோன்றும். மக்கள் நிறைந்த வீடு 'கலகலப்பாக இருக்கின்றது'. ஆளற்ற வீடோ 'வெறிச்சோடிக் கிடக்கின்றது'. ஹூகெயின் எதிர்மறை வெறுமையைக் குறித்தல்போல, தமிழில் இருத்தலின் மறுதலை கிடத்தலாக வந்தமை காண்க.

இவ்விருத்தலைப் பேச்சோடு கூட்டி உணர்த்துவது 'அளவளாவுதல்'. திருக்குறளிற் சுற்றந்தழால் என்னும் அதிகாரத்தில் இச்சொல் வருகின்றது. அளவளாவுதல் இல்லாதவன் வாழ்வு, கரையற்ற குளத்தில் நீர் நிறைந்தாற் போன்றது என்பது அங்குள்ள கருத்து. உரையாசிரியர் இதற்கு உள்ளங் கலத்தல் எனப் பொருள் கொண்டனர். நீர் நிற்றற்குக் கரை வேண்டுமாறுபோலச் செல்வம் நிற்றற்கு உள்ளக் கலப்பு வேண்டும் என்பதனால், இதுவும் தண்மையின் வழிப்பட்ட உவமையே ஆதல் அறிக.

6. அகமும் உள்ளமும்

ஐரோப்பிய மொழிகள் இப்பொருளை இரு வேர்களிலிருந்து பெற்றுள்ளன. டேனியச் சொல்லும் செருமானியரின் 'கெமூட்லிக்கைட்டு' என்பதும் மனத்தைக் குறிக்கும் சொற்களினின்று வந்தன. ஒல்லாந்தரின் 'கெசெல்லிக்' என்பதோ ஒரே கூடத்தில் உடனுறைவோன் என்னும் பொருளுடைய சொல்லினின்று பிறந்தது. ஒன்று உள்ளத்தையும் மற்றொன்று உறையுளையும் பற்றி நின்றன. தமிழில் 'அகம்' என்னும் ஒரு சொல்லே உள்ளிடம், மனம், வீடு ஆகிய மூன்றையும் குறிக்கின்றது. 'உள்' என்பதினின்றே உள்ளமும், நினைத்தலைக் குறிக்கும் உள்ளுதலும் பிறந்தன. இதனால் இம்மொழிகட்கிடையே இனவுறவு உண்டு என நாம் கூறவில்லை. பொருளொப்புமை கொண்டு உறவு கற்பித்தல் ஆராய்ச்சி நெறியன்று. உறைவிடத்தையும் உள்ளத்தையும் ஒன்றாகக் காணும் மனப்போக்கு பல மக்களிடத்தும் தனித்தனியே தோன்றியுள்ளது என்பதே நாம் காட்ட விரும்புவது.

7. முடிபு

மேற்கூறியவற்றால் ஹூகெக்கு நேரான ஒரு பெயர்ச்சொல் தமிழில் இல்லை என்பதும், அதன் பொருள் தமிழில் இல்லாமற் போகவில்லை என்பதும் பெறப்படும். டேனியர் ஒரு பெயரில் அடக்கியதை நாம் 'இரு', 'அளவளாவு' என்னும் வினைகளிலும், திண்ணை, இடைகழி என்னும் இடங்களிலும் பகிர்ந்து வைத்தோம். எனவே, மொழிபெயர்ப்பாளர் சூழல் நோக்கி, 'இனிது உடனிருத்தல்' என்றோ 'அளவளாவியிருத்தல்' என்றோ பெயர்ப்பது தகும். தனிமையிற் பெறும் இன்பத்தைக் குறிக்குமிடத்து மட்டும் 'இதம்' பொருந்தும். 'வெதுவெதுப்பு' யாண்டும் பொருந்தாது.

இடத்தில் வைத்த பொருளுக்கு ஓர் இடர் உண்டு. இடம் அழியின் சொல்லும் அழியும். பல்லாவரம் முதல் தாம்பரம் வரை அடுக்கு மாடிக் குடியிருப்புகள் எழுந்துள்ள இக்காலத்து, திண்ணையும் ரேழியும் உள்ள வீடுகள் அருகிவிட்டன. அச்சொற்களைப் பழைய கட்டடப் பகுதிகளின் பெயர்களாக மட்டுமே அறியும் மாணவர் பெருகி வருகின்றனர். அகராதி தொகுப்போர் 'திண்ணை' என்பதற்கு 'வீட்டின் முன்னுள்ள மேடை' என எழுதி அமைதல் போதாது. அங்கு யார் இருந்தனர், யார் இருத்தற்கு இசையப்பெறவில்லை, என்ன பேசினர் என்னும் வழக்குச் செய்திகளையும், 'இருந்துவிட்டுப் போ' என்பது போன்ற தொடர்களின் பொருளையும், அவற்றை வழங்கும் முதியோர் உள்ள பொழுதே பதிவு செய்தல் வேண்டும். தமிழ்த்துறை மாணவர் தம் ஊர்களில் தொடங்குதற்குரிய பணி இது.