உள்ளே கலைந்த கல்

சொல்லின் வேர் தேடி – 17

மாத்தளையிலிருந்து தம்புள்ளை நோக்கிப் போகும் ஏ9 வீதியில் நாவுல ஒரு சிறு நகரம். அங்கிருந்து ஒரு கிளை வீதி கிழக்கே திரும்பி எலஹெர பக்கம் இறங்குகிறது. நாவுலவுக்குச் சற்று முன்னதாக, நாலந்தையில், போவத்தென்ன நீர்த்தேக்கத்தின் ஓரத்தில் பழைய கற்றளி ஒன்று நிற்கிறது. நாலந்த கெடிகே என்பது அதன் பெயர். கட்டுமானம் தென்னிந்தியக் கோயில் மரபைச் சேர்ந்தது, உள்ளே வழிபாடு பௌத்தம்.

இன்று அது நிற்கும் இடம் அதன் பிறந்த இடமல்ல. மகாவலித் திட்டத்தின் நீர் மேலேறி வந்தபோது, அந்தக் கட்டடத்தைக் கல் கல்லாகக் கழற்றி, மேட்டில் பழைய அடுக்கின்படியே மீண்டும் எழுப்பினார்கள். இடம் மாறியது, ஒழுங்கு மாறவில்லை.

இதற்கு நேர்மாறான கற்களும் இந்த நாட்டில் உண்டு. யாரும் தொடாமலே, வெளி உருவம் குலையாமலே, உள்ளே இருந்த ஒழுங்கு மட்டும் அணு அணுவாகக் கலைந்துபோன கற்கள். அவற்றைக் குறிக்க அணு இயற்பியலாளரும் கனிமவியலாளரும் சேர்ந்து ஆளும் சொல்தான் இந்த வாரச் சொல்: மெட்டாமிக்ட். அகராதிகளில் அரிதாகவே தென்படும் இந்தச் சொல்லின் வரலாற்றில் இலங்கையின் சரளைக் கற்களுக்கு மிகப் பெரிய பங்கு இருக்கிறது.

*

சொல் பிறந்த ஆண்டு 1893. பெற்றவர் நோர்வே நாட்டுக் கனிமவியலாளர் வால்டெமர் ப்ரோகர். கிரேக்கத்தில் இதன் வேருக்கு ‘வேறு விதமாகக் கலந்தது’ என்று பொருள். கலைக்களஞ்சியம் ஒன்றுக்குக் கட்டுரை எழுதும்போது, ஒழுங்கான உள்ளமைப்பு இல்லாத திண்மங்களை அவர் மூன்று வகையாகப் பிரித்தார். கூழ் இறுகி உண்டானவை ஒரு வகை. உருகிய குழம்பு சட்டென்று குளிர்ந்து கண்ணாடியானவை இன்னொரு வகை. மூன்றாவது வகைதான் அவரை யோசிக்கவைத்தது. அந்தக் கனிமங்களுக்குப் படிகத்துக்கே உரிய முகங்களும் கூர்மையான விளிம்புகளும் இருந்தன. ஆகவே அவை ஒரு காலத்தில் படிகமாகவே வளர்ந்திருக்க வேண்டும். ஆனால் ஒளியைச் செலுத்திப் பார்த்தால் உள்ளே கண்ணாடியைப் போல நடந்துகொண்டன. படிகமாகப் பிறந்து, பின்னர் ஏதோ ஒன்றால் உள்ளே குலைந்தவை. இந்த மூன்றாம் வகைக்கு ப்ரோகர் வைத்த பெயர்தான் மெட்டாமிக்ட்.

எதனால் குலைந்தது? அவருக்கு அது தெரிந்திருக்க வழியே இல்லை. யுரேனிய உப்பிலிருந்து கண்ணுக்குத் தெரியாத கதிர் வருவதை ஹென்றி பெக்கரல் பாரிஸில் கண்டது 1896இல். சொல் 3 ஆண்டு மூத்தது, காரணம் இளையது. நோய்க்குப் பெயர் வைத்தபோது நோய்க்கிருமியை யாரும் பார்த்திருக்கவில்லை.

அதற்கும் வெகு முன்பே ஒரு தடயம் கிடைத்திருந்தது. ஸ்வீடனின் புகழ்பெற்ற வேதியியலாளர் பெர்சிலியஸ் 1815இல் கடோலினைட் என்ற கனிமத்தைச் சூடாக்கினார். ஒரு கட்டத்தில் அது திடீரென்று தானாகவே ஒளிர்ந்தது. எரியவில்லை, உருகவில்லை. உள்ளே அடைபட்டிருந்த ஏதோ ஓர் ஆற்றல் ஒரே மூச்சில் வெளியேறியது போலிருந்தது. குலைந்து கிடந்த அணுக்கள் சூட்டில் அசைந்து பழைய இருக்கைகளுக்குத் திரும்பும்போது வெளிவிடும் ஆற்றல் அது என்று இப்போது சொல்ல முடிகிறது.

காரணத்தை ஊகித்தவரும் ஸ்வீடன்காரர்தான். 1914இல் ஆக்ஸல் ஹாம்பெர்க், இந்தக் கனிமங்கள் தமக்குள் வைத்திருக்கும் யுரேனியமும் தோரியமும் வீசும் ஆல்பாத் துகள்களே அவற்றைக் குலைக்கின்றன என்று எழுதினார். வெளியிலிருந்து எதிரி வரவில்லை. கல் தன்னைத் தானே உள்ளிருந்து அடித்துக்கொள்கிறது.

*

அந்த அடி எப்படி விழுகிறது என்பதைக் கரம் விளையாடியவர்கள் எளிதில் பிடித்துக்கொள்வார்கள். பலகையின் நடுவில் காய்களை வட்டமாக நெருக்கி அடுக்கிவைப்போம். முதல் அடியில் அத்தனையும் சிதறும். படிகம் என்பது மூன்று திசையிலும் அப்படி நெருக்கி, கோடி கோடியாக அடுக்கிய அணுக்கள்.

ஒரு யுரேனிய அணு சிதையும்போது ஆல்பாத் துகள் ஒரு பக்கம் பாய்கிறது. மீதமுள்ள கனத்த கரு எதிர்ப்பக்கம் உதைபடுகிறது, சுட்ட துப்பாக்கி தோளைப் பின்னால் தள்ளுவது போல. ஆல்பாத் துகள் ஒரு மில்லிமீட்டரில் நூறில் ஒரு பங்கு அல்லது அதைவிடச் சற்று அதிகத் தூரம் ஓடும். ஓடும் வழியில் பெரும்பாலும் எலக்ட்ரான்களைத்தான் கலைக்கும், அணுக்களை அவ்வளவாக நகர்த்தாது. பின்னுதைப்பில் தள்ளப்பட்ட கனத்த கருவோ அதில் நூறில் ஒரு பங்கு தூரம்கூடப் போவதில்லை என்று சொல்லலாம். ஆனால் போகும் அந்தக் குறுகிய தூரத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட அணுக்களை இருக்கையிலிருந்து எழுப்பிவிடுகிறது. கதிரியக்கம் என்றதும் எல்லோரும் வெளியே பாயும் கதிரைத்தான் நினைப்போம். படிகத்தைக் கலைப்பதில் பெரும்பங்கு, பின்னால் உதைபட்ட கருவுக்கு.

ஒரு யுரேனியம் 238 அணு, ஈயம் 206 ஆகி அமைதி அடையும் வரை 8 முறை ஆல்பாத் துகளை வீசுகிறது. தோரியம் 232 என்றால் 6 முறை. ஒவ்வொரு வீச்சுக்கும் ஓர் உதை, ஒவ்வோர் உதைக்கும் ஒரு சிறு கலைந்த தீவு. தீவுகள் பெருகி ஒன்றையொன்று தொடும்போது படிகம் என்ற நிலம் மறைந்துவிடும். அந்த நிலைக்குத்தான் முழு மெட்டாமிக்ட் என்று பெயர். பாதி வழியில் இருப்பது பகுதி மெட்டாமிக்ட்.

*

இங்கேதான் இலங்கை உள்ளே வருகிறது.

நாவுலவிலிருந்து கிழக்கே போகும் வீதி சென்று சேரும் எலஹெர, இந்நாட்டின் பெயர்பெற்ற இரத்தினக்கல் படுகைகளில் ஒன்று. குழி வெட்டி, சிங்களத்தில் ‘இல்லம்’ எனப்படும் சரளைப் படையை எட்டி, அதைக் கூடையில் அள்ளி நீரில் சுழற்றி அலசுவார்கள். இலேசான மண்ணும் மணலும் கழுவப்பட, கனத்த கற்கள் அடியில் தங்கும். நீலக்கல், ஸ்பினெல், கார்னெட் ஆகியவற்றோடு சிர்கோனும் அதில் வரும். இரத்தினபுரிப் பக்கத்திலும் இதே முறைதான், இதே கற்கள்தான்.

சிர்கோன் என்பது சிர்கோனியமும் சிலிக்கனும் ஆக்சிஜனும் சேர்ந்த கனிமம். நிறமற்ற சிர்கோனுக்கு ‘மாத்தறை வைரம்’ என்று வியாபாரப் பெயர் உண்டு. சிங்களத்தில் சிர்கோன் போன்ற கற்களுக்கு வழங்கிய ‘தோரமல்லி’ என்ற சொல்தான் ஐரோப்பாவுக்குப் போய், வேறொரு கனிமத்தில் ஒட்டிக்கொண்டு, டூர்மலின் ஆனது. வளரும்போதே சிர்கோன் தன் அடுக்கில் கொஞ்சம் யுரேனியத்துக்கும் தோரியத்துக்கும் இடம் கொடுத்துவிடும். அந்த விருந்தாளிதான் பிற்காலத்தில் வீட்டைக் கலைப்பவர்.

கல் வியாபாரிகள் சிர்கோனை உயர் வகை, இடை வகை, தாழ் வகை என்று மூன்றாகப் பிரிப்பதுண்டு. தரத்தைக் குறித்த பிரிவு அல்ல இது. பட்டை தீட்டிய உயர் வகைச் சிர்கோனை லென்ஸ் வைத்து மேல்முகம் வழியாகப் பார்த்தால், அடியில் உள்ள விளிம்புகள் இரட்டை இரட்டையாகத் தெரியும். ஒழுங்கான படிகம் ஒளியை இரண்டாகப் பிரிப்பதால் வரும் காட்சி அது. தாழ் வகையில் அந்த இரட்டிப்பு அநேகமாக மறைந்துவிடும். அதன் நிறம் பெரும்பாலும் பச்சை. ஒழுங்கான சிர்கோன் ஒரு கன சென்டிமீட்டர் ஏறக்குறைய 4.7 கிராம் எடை இருக்கும், முழுதும் கலைந்தது 4 கிராம் அளவுக்கு இறங்கிவிடும். அணுக்கள் ஒழுங்கிழந்ததால் கல் உள்ளுக்குள் ஊதிப்போயிருக்கிறது. பருமன் 18 சதவீதம் வரைகூட உயரலாம்.

உலகில் சிர்கோன் கிடைக்காத நாடு குறைவு. பிறகு ஏன் அறிவியலாளர்கள் இலங்கைக் கல்லைத் தேடினார்கள்?

இந்தத் தீவின் நடுவே எழும் மலைநாட்டுப் பாறைகள், கோண்டுவானா என்ற பெருநிலம் ஒன்றுசேர்ந்த காலத்தில் ஆழத்தில் வெந்து உருமாறியவை. இங்கே சரளையில் கிடைக்கும் இரத்தினத் தரச் சிர்கோன்களின் வயது ஏறத்தாழ ஒன்றுதான்: சுமார் 56 கோடி ஆண்டு. ஆனால் அவற்றுக்குள் இருக்கும் யுரேனியத்தின் அளவு கல்லுக்குக் கல் மிகவும் வேறுபடுகிறது. ஒரே வயது, வெவ்வேறு அளவு நஞ்சு. ஆய்வுகூடத்தில் யாராலும் நடத்த முடியாத, 56 கோடி ஆண்டு நீண்ட ஒரு பரிசோதனையை இயற்கை நடத்தி, முடிவுகளை வரிசையாக ஆற்றுச் சரளையில் போட்டு வைத்திருக்கிறது. அந்தக் காலத்துக்குள் ஒவ்வொரு 100 யுரேனியம் 238 அணுக்களிலும் ஏறத்தாழ 8 சிதைந்திருக்கும். அடி எத்தனை விழுந்தது என்பதைக் கணக்கிடலாம். கல் எவ்வளவு கலைந்தது என்பதை எக்ஸ் கதிரால் அளக்கலாம். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும்.

ஹாலண்ட், காட்ஃப்ரீட் என்ற இருவர் 1955இல் செய்தது அதுவே. இலங்கைச் சிர்கோன்களை வரிசைப்படுத்தி, கதிர்ச் சேதம் கூடக்கூட அடர்த்தியும் ஒளிவிலகலும் படிகச் சட்டகமும் எப்படி மாறுகின்றன என்று படிப்படியாகக் காட்டினார்கள். மெட்டாமிக்ட் என்ற சொல் விளக்கமாக இருந்த நிலை மாறி, அளவையாக ஆனது அந்தக் கட்டுரையில்தான் என்று சொன்னால் மிகையாகாது.

அடுத்த 6 ஆண்டில் இந்த மண் இன்னொரு கல்லையும் கொடுத்தது. 1953இல் எஃப். எல். டி. ஏகநாயக்க எஹெலியகொடைச் சரளையில் ஒரு பச்சைக் கல்லைக் கண்டெடுத்திருந்தார். அது தோரியம் நிறைந்த புதிய கனிமம். 1961இல் ‘நேச்சர்’ இதழ் அதை அவர் பெயரால் ஏகனைட் என்று அறிவித்தபோது, தலைப்பிலேயே ‘இலங்கையிலிருந்து ஒரு புதிய மெட்டாமிக்ட் கனிமம்’ என்று குறிப்பிட்டது.

*

சொல்லை எங்கே ஆளலாம், எங்கே ஆளக்கூடாது?

கதிரியக்கம் உள்ள கனிமமெல்லாம் மெட்டாமிக்ட் அல்ல. இந்தத் தவறு அடிக்கடி நேர்கிறது. கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் உள்ள மோனசைட்டில் சிர்கோனைவிடப் பல மடங்கு தோரியம் இருக்கிறது. இருந்தும் அது படிகமாகவே நிற்கிறது. அடி விழாமல் இல்லை. விழுந்த வேகத்திலேயே அதன் அணுக்கள் திரும்ப வரிசையில் அமர்ந்துவிடுகின்றன. இலங்கையில் கிடைக்கும் தோரியனைட்டும் அப்படித்தான். ஆக, இந்தச் சொல் அடியின் கணக்கு மட்டுமல்ல, ஆறும் வேகத்தைக் கழித்த பிறகு மிஞ்சும் காயம். இலங்கைச் சிர்கோன்களே தம் காயத்தில் ஒரு பகுதியை ஆற்றிக்கொண்டவை என்று லுட்ஸ் நஸ்டாலா குழுவினர் 2004இல் காட்டினார்கள்.

கண்ணாடி என்ற சொல்லும் பொருந்தாது. எரிமலைக் கண்ணாடி உருகிக் குளிர்ந்தது, மெட்டாமிக்ட் கல் ஒருபோதும் உருகவில்லை. அதே போல, அணு உலையிலோ துகள் முடுக்கியிலோ வைத்து ஒரு படிகத்தைக் கலைத்தால் அதற்கு வல்லுநர்கள் பெரும்பாலும் இந்தச் சொல்லைத் தருவதில்லை. தன் கதிரால் தானே கலைந்ததற்கே அது உரியது.

தமிழில் என்ன சொல்வது? ‘உருமாறிய’ என்றால் உருமாறிய பாறையோடு குழம்பும். தவிர, இங்கே உரு மாறவே இல்லை. ‘உள்சிதை படிகம்’ என்றால் வெளி உரு நிற்பதும் உள்ளே குலைந்ததும் இரண்டு சொல்லில் வந்துவிடுகிறது. பாடநூல் எழுதுவோர் இதைச் சற்று எண்ணிப் பார்க்கலாம்.

*

அரிய சொல், அரிய கல், இதில் நமக்கென்ன என்று யாராவது கேட்டால் கல்பாக்கத்தைக் காட்டலாம். அணு உலைகளின் உயர்நிலைக் கழிவை இந்தியா டிராம்பே, தாராப்பூர், கல்பாக்கம் ஆகிய இடங்களில் போரோசிலிக்கேட் கண்ணாடியில் உருக்கி அடைக்கிறது. கண்ணாடிக்குப் பதில் செயற்கைப் பாறையில் அடைக்கலாம் என்று 1978இல் ஆஸ்திரேலியாவின் டெட் ரிங்வுட் முன்வைத்தார். படிகத்தின் அடுக்குக்குள்ளேயே யுரேனியத்தையும் புளுட்டோனியத்தையும் பூட்டிவிடுவது அவர் எண்ணம். உடனே எழுந்த கேள்வி: அந்தப் பாறையும் ஒரு நாள் மெட்டாமிக்ட் ஆகிவிடுமே? ஊதி, விரிசல் விட்டு, நிலத்தடி நீரில் எளிதில் கரையத் தொடங்கினால்?

2007இல் இயன் ஃபார்னன், ஹெர்மன் சோ, வில்லியம் வெபர் மூவரும் ‘நேச்சர்’ இதழில் ஒரு கணக்கைச் சொன்னார்கள். சிர்கோனில் பத்தில் ஒரு பங்கு எடைக்குப் புளுட்டோனியம் 239 அடைத்தால், சுமார் 1,400 ஆண்டுகளில் அதன் படிக ஒழுங்கு முழுதும் போய்விடும். புளுட்டோனியத்தின் அரை ஆயுளோ 24,000 ஆண்டுக்கு மேல். காவல் காக்க வேண்டிய காலத்தில் சிறு துண்டு முடிவதற்குள் பெட்டி கலைந்துவிடுகிறது. எந்தப் படிகம் கலையும், எது தன்னை ஆற்றிக்கொள்ளும், கலைந்த பிறகும் எது உள்ளே இருப்பதை விடாமல் பிடித்திருக்கும் என்று தேடுகிறவர்கள் இன்றும் பழைய சரளைக் கற்களிடம்தான் திரும்புகிறார்கள். யாரும் 56 கோடி ஆண்டு காத்திருக்க முடியாது. அந்தக் கற்கள் ஏற்கெனவே காத்திருந்துவிட்டன.

கலைந்த சிர்கோனைச் சூளையில் 1,000 பாகை செல்சியஸுக்கு மேல் சூடாக்கினால் அணுக்கள் மெல்ல மெல்லப் பழைய இடத்துக்குத் திரும்புகின்றன. அடர்த்தி ஏறுகிறது, ஒளி மீண்டும் இரண்டாகப் பிரிகிறது. கெடிகேயின் கற்களை மேட்டில் மறுபடி அடுக்கியது போல.

எல்லா இலங்கைச் சிர்கோனும் கலைந்ததல்ல. பட்டை தீட்டிய 25.7 காரட் கல் ஒன்று, சேதம் குறைவானது, உள்ளே எங்கும் ஒரே சீரானது. எம்257 என்று பெயரிட்டு, வயது 56.13 கோடி ஆண்டு என்று 2008இல் உறுதிசெய்தார்கள். மோதிரத்தில் ஏறியிருக்க வேண்டிய அந்தக் கல்லின் துணுக்குகள், உலகின் பல ஆய்வுகூடங்களில் மற்றப் பாறைகளின் வயதைச் சரிபார்க்கும் படிக்கல்லாக இருக்கின்றன.

அடுத்த வாரச் சொல்: ரேடியோதோரியம். ஆனந்த குமாரசாமி இலங்கைக் கனிமவியல் ஆய்வுத்துறையின் தலைவராக இருந்த காலத்தில் இங்கிருந்து லண்டனுக்குப் போன ஒரு கறுப்புக் கல்லிலிருந்து, ஓட்டோ ஹான் என்ற இளைஞர் 1905இல் பிரித்தெடுத்த பொருளின் பெயர் அது.

(தொடரும்)