கழுகு எது, பருந்து எது?

ஆகாயத்தில் சிறகசைக்காமல் வட்டமிடும் பெரிய பட்சி எதுவாயினும், அதைக் கழுகு என்று சொல்லிவிடுவது நம்மவர் வழக்கம். பிணம் தின்னும் பாறும், உயிருள்ள இரையைப் பாய்ந்து பற்றும் கழுகும், கடைத்தெருவில் மீன்குடலைக் கவ்விச் செல்லும் பருந்தும் நமக்கு ஒன்றே. ஆளை அடையாளம் அறியாத சாட்சியின் வாக்குமூலத்தை எந்த நியாயஸ்தலமும் ஏற்பதில்லை. பட்சிகள் விஷயத்தில் நாம் அனைவரும் அத்தகைய சாட்சிகளாகவே இருந்துவிட்டோம். அதனால் விளைந்த கேடு சிறிதன்று.

முதலில் அடையாளங்களைச் சொல்லுவோம். நகரங்களில் மிகுதியாகக் காணப்படுவது கரும்பருந்து. அதன் நிறத்தை நம்ப வேண்டாம். வாலைப் பார்க்க வேண்டும். வால் நுனி நடுவில் உள்வாங்கிப் பிளவுபட்டிருக்கும். பறக்கையில் அவ்வாலைச் சுக்கான்போல் இருபுறமும் திருப்பிக்கொண்டேயிருக்கும். கருடன் என்று நாம் கன்னத்தில் போட்டுக்கொள்ளும் செம்பருந்துக்கு வால் நுனி வட்டமானது. வளர்ந்த கருடனின் வெண்தலையையும் செம்மேனியையும் கண்டவர் தவறு செய்யார். ஆயின் அதன் இளம்பறவை பழுப்பு நிறமாயிருப்பதால், அதைக் கரும்பருந்தென்று எண்ணி ஏமாறுவோர் பலர். அங்கும் வாலே சாட்சி.

பாறுகளின் உருவமே வேறு. கரும்பருந்து சிறகை விரித்தால் ஏறக்குறைய 5 அடி. வெண்முதுகுப் பாறு விரித்தால் 6 அடிக்கு மேல். சிறகு பலகைபோல் அகன்றும், வால் குறுகியும், தலை சிறுத்தும் தோன்றும். கீழிருந்து நோக்கினால் வெண்முதுகுப் பாற்றின் சிறகில் முன்பாகம் வெண்மை, பின்பாகம் கருமை. செம்முகப் பாறு கரிய உடலும் சிவந்த மொட்டைத் தலையும் உடையது. மஞ்சள்முகப் பாறு இவற்றுள் சிறியது. வெள்ளை உடல், கரிய சிறகோரம். அதன் இளம்பறவையும் பழுப்பாகவே இருக்கும்; ஆனால் வால் ஆப்புப்போல் நடுவில் நீண்டிருக்கும், பருந்தின் வாலைப்போல் பிளந்திராது. திருக்கழுக்குன்றத்தில் உச்சிவேளையில் பண்டாரம் இட்ட அன்னத்தை உண்ண வந்த பட்சிகள் இந்த மஞ்சள்முகப் பாறுகளே.

அந்தப் பட்சிகள் இன்று வருவதில்லை. 1990களில் அவற்றின் வருகை நின்றுபோயிற்று. ஊரார் ஏதோ தெய்வக் குற்றம் என்று எண்ணினர். ஆனால் அதே காலத்தில் தேசம் முழுவதும் பாறுகள் மடிந்துகொண்டிருந்தன. 1980களில் உலகிலுள்ள பெரிய வேட்டைப் பறவைகளுள் தொகையில் முதன்மையானதாயிருக்கலாம் என்று கருதப்பட்டது வெண்முதுகுப் பாறு. 1992 முதல் 2007 வரை இந்தியாவில் எடுத்த கணக்குகளின்படி, ஆயிரத்துக்கு ஒன்று என்ற அளவே அது மிஞ்சியது. மாடுகளின் வலிக்குக் கொடுத்த டைக்ளோஃபினாக் என்னும் மருந்தே காரணம் என்பது 2004இல் நிரூபணமாயிற்று. மருந்தேறிய மாட்டின் பிணத்தைத் தின்ற பாறு, சிறுநீரகம் கெட்டுச் சில தினங்களில் மாண்டது.

இவ்வளவு பெரிய நாசம் நேர்ந்தும் பொதுஜனங்களிடையே கூக்குரல் எழாதது ஏன்? அண்ணாந்து பார்த்தவர் கண்ணில் பருந்துகள் வட்டமிட்டுக்கொண்டேயிருந்தன. 'கழுகுகள்தாம் இருக்கின்றனவே!' என்று அவர்கள் திருப்தியடைந்தனர். ஒரு பெயரில் பல பட்சிகளை அடக்கியதால், ஒன்று அழிந்தது மற்றொன்றின் நிழலில் மறைந்துபோயிற்று என்பதே நமது அபிப்பிராயம்.

கால்நடைகளுக்கு டைக்ளோஃபினாக் கொடுப்பதைச் சர்க்கார் 2006இல் தடுத்தது. மனிதருக்கான பெரிய புட்டிகள் மாட்டுத் தொழுவத்துக்குத் திருப்பப்பட்டதால், 2015இல் அவை 3 மில்லிலிட்டராகக் குறைக்கப்பட்டன. கீட்டோப்ரோஃபென், அசிக்ளோஃபினாக் என்பவையும் 2023இல் கால்நடைகளுக்குத் தடை செய்யப்பட்டன. பாறுகளுக்குத் தீங்கற்ற மெலாக்சிகம் என்னும் மருந்து உண்டு. நீலகிரிக்கும் சத்தியமங்கலத்துக்கும் இடையே மோயாற்றுப் பள்ளத்தாக்கின் நீர்மருது மரங்களில் வெண்முதுகுப் பாறு இன்றும் கூடு கட்டுகிறது. ஆண்டுக்கு ஒரே முட்டையிடும் ஜாதி அது. ஒன்று மடிந்தால் அந்த நஷ்டம் ஈடாவதற்குப் பல ஆண்டுகள் செல்லும்.

தடைச்சட்டம் ஏட்டில் இருந்தால் போதாது. மாடு வைத்திருப்பவர் மருந்தின் பெயரைக் கேட்டு வாங்க வேண்டும். புலிக்கும் சிறுத்தைக்கும் என்று பிணத்தில் விஷம் வைக்கும் பாதகத்தை ஊரார் தடுக்க வேண்டும். மற்றவர்களும் தலை நிமிர்ந்து, வாலையும் சிறகையும் கவனித்து, கண்டது இன்ன பட்சி என்று துணிந்து சொல்லப் பழக வேண்டும். பாறு ஒன்றைக் கண்டால், நாளையும் இடத்தையும் குறித்து வன இலாகாவுக்குத் தெரிவிப்பது நம் ஒவ்வொருவராலும் ஆகக்கூடிய காரியம்.