கம்மந்தான் கான் சாகிபு

ஆற்காட்டின் நவாப் பதவியை முன்னிட்டு ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் பொருத காலத்தில், கும்பினிப் படையிற் சேர்ந்து, தம் பராக்கிரமத்தாலும் யுத்த சாதுரியத்தாலும் அதன் சிப்பாய்களுக்கெல்லாம் தளபதியாக உயர்ந்தவர், மருதநாயகம் என்று மக்கள் வழங்கும் முகம்மது யூசுப் கான். 1758-59இல் பிரெஞ்சுத் தளபதி லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டபோது, வெளியே நின்று பிரெஞ்சுப் படையை ஓயாது அலைக்கழித்து, கோட்டை பிழைக்கப் பேருதவி புரிந்தவரும் இவரே. அவ்வுதவியைக் கும்பினி மறந்தது பெருங் கொடுமை. மதுரைச் சீமையை அவர் திறம்பட நிர்வகித்ததால் விளைந்த செல்வாக்கு நவாப் முகம்மது அலிக்கு அச்சமூட்டிற்று. 1763இல் பகை முற்றவே பிரெஞ்சுக் கொடியேற்றி, மதுரைக் கோட்டையில் மாதக்கணக்கில் எதிர்த்து நின்ற அவரை, இறுதியில் உடனிருந்தோரே பிடித்துக் கொடுத்தனர். 1764 அக்டோபர் 15 அன்று மதுரையில் தூக்கிலிடப்பட்டார்.